கோர்ட்டுக்குப் போன குமாஸ்தா

"கோர்ட்டுல பாத்துக்கலாம் சார்."

டெல்லியில் நம்மவர்கள் நாலு பேர் கூடுகிற இடத்தில் இந்த வசனம் காதில் விழாமல் இருக்காது. ஆர்.கே.புரம் கோயிலில் பிரசாத வரிசையில் நிற்கும்போது கேட்டிருக்கிறேன், கரோல்பாக் மெஸ்ஸில் ரசத்துக்குக் காத்திருக்கும்போதும் கேட்டிருக்கிறேன். யாருக்காவது மெமோ வந்திருக்கும், பிரமோஷன் தட்டிப் போயிருக்கும், இல்லாவிட்டால் ரிட்டையர்மெண்டுக்கு ஒன்றரை வருஷம் இருக்கும்போது வடகிழக்கு மூலைக்கு மாற்றல் வந்திருக்கும். உடனே கூட இருக்கிற ஒருத்தர் தைரியம் சொல்லுவார். கேட் இருக்கு, ஹைகோர்ட் இருக்கு, அதற்கும் மேலே சுப்ரீம் கோர்ட் இருக்கு.

இருக்கிறது ஐயா, இல்லை என்று யார் சொன்னது. அங்கே போய் என்ன கேட்கலாம், என்ன கேட்கக் கூடாது என்பது பல பேருக்குத் தெரிவதில்லை என்பதுதான் பிரச்சினை. தெரிந்த வக்கீல்களும் வக்காலத்தில் கையெழுத்து வாங்கும் வரை சொல்வதில்லை. இங்கே படிக்க வருகிற குடும்பங்களில் பாதியாவது யாரோ ஒருவருடைய போஸ்டிங் ஆர்டரால் ஊரை விட்டு வந்தவை. ரயில்வே, தபால், ஏஜி ஆபீஸ், ராணுவக் கணக்குத் துறை, அரசு வங்கி. அதனால் இந்த வயிற்றெரிச்சலைக் கொஞ்சம் விரிவாகவே கொட்டிவிடுகிறேன்.

கோர்ட் சொல்கிற விதி சுருக்கமானது. நிர்வாகம் எடுத்த முடிவு சரியா தப்பா என்று நாங்கள் பார்க்க மாட்டோம், முடிவு எடுத்த முறை சரியா என்று மட்டும் பார்ப்போம். நீதிமுறை மறுஆய்வு வேறு, மேல்முறையீடு வேறு. நோட்டீஸ் கொடுத்தார்களா? பதில் சொல்ல வாய்ப்புக் கொடுத்தார்களா? அதிகாரம் உள்ளவர்தான் கையெழுத்துப் போட்டாரா? இந்த மூன்றும் சரியாக இருந்தால், உள்ளே இருக்கிற முடிவு எவ்வளவு கோணலாக இருந்தாலும் பெரும்பாலும் அது நின்றுவிடும். ஒரே ஒரு விதிவிலக்கு உண்டு. புத்தி உள்ள எவனும் எடுத்திருக்க முடியாத முடிவு என்றால் மட்டும் கோர்ட் கை வைக்கும்.

இந்தக் கடைசி அளவுகோல் எங்கிருந்து வந்தது என்று தெரிந்தால் சிரிப்பதா அழுவதா என்று தோன்றும். 1947இல் இங்கிலாந்தில் வெட்னஸ்பரி என்ற ஊரில் ஒரு சினிமா கொட்டகை. ஞாயிற்றுக்கிழமை படம் ஓட்டலாம், ஆனால் 15 வயதுக்குக் கீழ் உள்ள பிள்ளைகளை விடக் கூடாது என்று நகராட்சி நிபந்தனை போட்டது. கொட்டகைக்காரர்கள் வழக்குப் போட்டுத் தோற்றார்கள். அந்தத் தீர்ப்பில் சொன்னதுதான் இந்த "புத்தி உள்ள எவனும்" அளவுகோல். ஞாயிற்றுக்கிழமை மேட்னி ஷோ வழக்கில் பிறந்த தராசில்தான் நம்ம ஊர் கிளார்க்கின் முப்பது வருஷ சர்வீஸை நிறுக்கிறார்கள். அந்தத் தீர்ப்பிலேயே ஒரு உதாரணமும் வருகிறது. ஒரு டீச்சரை, தலைமுடி சிவப்பாக இருக்கிறது என்பதற்காக வேலையை விட்டு நீக்கினால் அது செல்லாது என்று.

நல்லது. ஆனால் எந்த ஊர் அதிகாரி "முடி சிவப்பு" என்று ஃபைலில் எழுதுவார்? நம்ம ஆள் "நிர்வாகக் காரணங்களுக்காக" என்று எழுதுவார், "பொது நலன் கருதி" என்று எழுதுவார். முடியைப் பற்றி ஒரு வரி இருக்காது. காரணத்தை எழுதத் தெரியாத முட்டாளை மட்டும்தான் இந்தத் தராசு பிடிக்கும். இருபது வருஷம் நோட்டிங் எழுதிக் கை பழகினவரை இது என்ன செய்யும்?

இலாகா விசாரணை என்று ஒன்று இருக்கிறதே, அதை எடுத்துக்கொள்வோம். விசாரணை அதிகாரி அநேகமாக அதே துறைக்காரர், குற்றப் பத்திரிகை கொடுப்பதும் அதே துறை, தண்டனை கொடுப்பதும் அதே துறை. சாட்சியச் சட்டம் அங்கே கறாராகப் பொருந்தாது. 1977இல் ஹரியானா அரசு பஸ் கண்டக்டர் ஒருவருடைய வழக்கு உச்ச நீதிமன்றம் வந்தது. பறக்கும் படை பஸ்ஸை நிறுத்திச் சோதித்தபோது 11 பேரிடம் டிக்கெட் இல்லை. அந்தப் பயணிகள் ஒருவரிடம் கூட வாக்குமூலம் வாங்கவில்லை, விசாரணைக்குக் கூப்பிடவும் இல்லை. கீழ்க் கோர்ட்டுகள் கண்டக்டர் பக்கம் நின்றன. உச்ச நீதிமன்றம், ஏதோ கொஞ்சம் சாட்சியம் இருந்தால் போதும், அது போதுமா போதாதா என்று எடை போடுவது கோர்ட் வேலை கிடையாது என்று சொல்லி நீக்கத்தை உறுதி செய்தது. எழுதியவர் யார் தெரியுமா? கிருஷ்ணய்யர். தொழிலாளர் பக்கம் சாய்கிறவர் என்று பேர் வாங்கினவரே இப்படி என்றால் மற்றவர்களை என்ன சொல்ல.

ஆக, உள்ளே சாட்சியச் சட்டம் கிடையாது. வெளியே வந்தால் மேல்முறையீடு கிடையாது. இரண்டையும் தனித்தனியாகப் பார்த்தால் நியாயம் இருப்பது போலத்தான் தெரியும். இலாகா விசாரணையை கிரிமினல் கேஸ் மாதிரி நடத்த முடியாது, சரி. ஹைகோர்ட் எல்லா ஆபீஸ் சண்டையையும் மறுபடி விசாரிக்க முடியாது, அதுவும் சரி. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். நடுவில் ஒரு பள்ளம் இருக்கிறது. அதில் விழுந்தவனுடைய சாட்சியத்தை, அவன் சம்பந்தப்படாத ஒரு மூன்றாவது மனிதர் முழுசாகப் படித்து முடிவு சொல்கிற கட்டம் வாழ்க்கையில் வருவதே இல்லை.

இதில் இன்னொரு வேடிக்கை. தனியார் ஃபேக்டரியில் லேத் ஓட்டுகிறவரை வேலையை விட்டு நீக்கினால், லேபர் கோர்ட் சாட்சியத்தை மறுபடி எடை போடலாம், தண்டனை அதிகம் என்று தோன்றினால் குறைக்கலாம். தொழில் தகராறு சட்டத்தில் 1971இல் சேர்த்த 11-ஏ பிரிவு கொடுத்த அதிகாரம் அது. 2025 நவம்பரில் அந்தச் சட்டம் போய்ப் புதிய தொழில் உறவுத் தொகுப்பு வந்தபோதும் அந்த அதிகாரம் கூடவே வந்தது. அரசாங்க ஆபீஸ் குமாஸ்தாவுக்கு அது இல்லை. "கவர்மெண்ட் வேலைன்னா கல்லுல செதுக்கினது மாதிரி, யாரும் அசைக்க முடியாது" என்று பெண் கொடுக்கும்போது சொல்கிறோமே, அந்தக் கல்லின் கதை இதுதான்.

தண்டனை அளவு பற்றி உச்ச நீதிமன்றம் 1995இல் சதுர்வேதி வழக்கில் சொன்னது இன்றைக்கும் எல்லாத் தீர்ப்பிலும் திரும்பத் திரும்ப வரும். தண்டனையைத் தீர்மானிப்பது நிர்வாகத்தின் வேலை, கோர்ட்டின் மனசாட்சியை உலுக்குகிற அளவுக்கு இருந்தால் மட்டும் தலையிடலாம். அந்த வழக்கில் வருமான வரி அதிகாரி ஒருவர் வருமானத்துக்கு மீறிச் சொத்து சேர்த்தார் என்று நீக்கப்பட்டிருந்தார். தீர்ப்பாயம் அதைக் கட்டாய ஓய்வாகக் குறைத்தது. உச்ச நீதிமன்றம் பழையபடி நீக்கமே என்று திருப்பிவிட்டது. அவருக்காக நான் கண்ணீர் விடப் போவதில்லை. ஆனால் அவருக்காகச் செய்த செருப்பை, சின்னச் சின்னத் தப்பு செய்தவர்கள் காலிலும் மாட்டிவிட்டார்களே, அதுதான் கேள்வி.

மனசாட்சி உலுங்குவதற்கு என்ன ரிக்டர் அளவு என்று எந்தத் தீர்ப்பிலும் இல்லை. 1987இல் ரஞ்சித் தாக்கூர் என்ற ராணுவ வீரர் வழக்கில் உலுங்கியது. மேலதிகாரி மேல் புகார் அனுப்பியதற்காக ஏற்கெனவே தண்டனையில் இருந்தவர். காவலில் சாப்பாடு சாப்பிட மறுத்தார் என்று ஒரு வருஷக் கடுங்காவல், வேலையும் போச்சு. அந்த விசாரணையில் உட்கார்ந்திருந்தவர் யார் மேல் புகார் கொடுத்தாரோ அதே அதிகாரி! அதை ரத்து செய்தார்கள், நல்ல தீர்ப்பு. அதே தீர்ப்பை மேற்கோள் காட்டிக்கொண்டே ஆயிரம் வழக்கில் "இங்கே எங்கள் மனசாட்சி உலுங்கவில்லை" என்று எழுதியிருக்கிறார்கள். ஒரு நீதிபதிக்கு உலுங்குவது பக்கத்து அறை நீதிபதிக்கு உலுங்காது. குமாஸ்தாவின் பென்ஷன், அன்றைக்கு ரோஸ்டரில் யார் இருக்கிறார் என்பதைப் பொறுத்து.

உலுங்கினால் மட்டும் என்ன ஆகிவிடும்? டெல்லிவாசிகளுக்கு அந்த 5 பைசா கண்டக்டர் கதை ஞாபகம் இருக்கும். 1973இல் டெல்லிப் போக்குவரத்துக் கழக பஸ்ஸில் ஒரு பெண்ணுக்கு 15 பைசா டிக்கெட்டுக்குப் பதிலாக 10 பைசா டிக்கெட் கொடுத்துக் கழகத்துக்கு 5 பைசா நஷ்டம் ஏற்படுத்தினார் என்று குற்றச்சாட்டு. 1976இல் வேலை போனது. 1990இல் லேபர் கோர்ட் அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது. கழகம் விடவில்லை, ஹைகோர்ட் போனது. 2008இல் அங்கேயும் தோற்றது. அப்புறமும் விடவில்லை. 2016இல் செய்தித்தாளில் அவர் படத்தைப் பார்த்தபோது எழுபது தாண்டிய கிழவர். 5 பைசா என்ற நாணயமே செல்லாமல் போய்ச் சில வருஷம் ஆகியிருந்தது. ஜெயித்தவர் கதை இது! கவனியுங்கள், அவருக்காவது லேபர் கோர்ட் இருந்தது.

அடுத்தது மாற்றல். நமக்கு நெருக்கமான சமாச்சாரம்.

ஷில்லாங்கில் தாவரவியல் ஆய்வுத் துறையில் தோட்டக் கண்காணிப்பாளராக ஒருவர் இருந்தார். மனைவியும் ஷில்லாங்கிலேயே மத்திய அரசு ஊழியர், பிள்ளைகள் அங்கே படிக்கிறார்கள், அவருக்கு உடம்பும் சரியில்லை. 1991 ஜனவரியில் இமயமலைப் பக்கம் பௌரிக்கு மாற்றினார்கள். கணவன் மனைவி இருவரும் அரசு ஊழியர் என்றால் கூடுமான வரை ஒரே ஊரில் போட வேண்டும் என்று அரசாங்கமே வழிகாட்டுதல் போட்டிருக்கிறது. கௌஹாத்தி தீர்ப்பாயம் மாற்றலை ரத்து செய்தது. 1993இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பாயத்தைக் கண்டித்து மாற்றலை மீட்டது. யாரை எங்கே போடுவது என்பது அதிகாரியின் விஷயம், வழிகாட்டுதல் என்பது வழிகாட்டுதல்தான், அதை வைத்து யாரும் உரிமை கொண்டாட முடியாது. அப்பாஸ் வழக்கு என்று பேர். உங்கள் வீட்டில் யாராவது "ஸ்பௌஸ் கிரவுண்ட்" மனு எழுதிக் கேட் வரை போயிருந்தால், எதிர்த் தரப்பு வக்கீல் முதலில் நீட்டியிருக்கக் கூடிய காகிதம் இது.

அதற்கு முன்பே 1991இல் பீகார் ஆசிரியைகள் வழக்கு ஒன்று. கணவர் வேலை பார்க்கிற ஊருக்குப் பக்கத்தில் போடுங்கள் என்று சில ஆசிரியைகள் கேட்டு வாங்கிய மாற்றலை, அதனால் இடம் பெயர்ந்த மற்றவர்கள் எதிர்த்தார்கள். மாற்றல் உத்தரவு துறையின் சுற்றறிக்கைக்கு விரோதமாக இருந்தாலும் கோர்ட் தலையிடாது, சட்ட விதியை மீறியிருக்க வேண்டும் அல்லது கெட்ட எண்ணத்தை நிரூபிக்க வேண்டும் என்றார்கள். பெண்களைக் கணவரோடு சேர்த்து வைத்த தீர்ப்பில் பிறந்த விதி, இரண்டே வருஷத்தில் ஷில்லாங் குடும்பத்தைப் பிரிக்கப் பயன்பட்டது.

சரி, கெட்ட எண்ணத்தை நிரூபிக்கலாமே என்பீர்கள். நம்ம தமிழ்நாட்டுத் தலைமைச் செயலாளர் ராயப்பா செய்து பார்த்தார். 1972இல் அவரைத் திட்டக் குழுத் துணைத் தலைவர் பதவிக்கு மாற்றினார்கள், பிறகு விற்பனை வரிச் சட்டத்தைத் திருத்துகிற தனி அதிகாரி பதவி. முதல்வர் என்னைப் பழிவாங்குகிறார் என்று நேராக உச்ச நீதிமன்றம் போனார். அந்தத் தீர்ப்பில்தான் நீதிபதி பகவதி, சமத்துவமும் தான்தோன்றித்தனமும் ஜென்ம விரோதிகள் என்கிற பொருளில் எழுதிய புகழ்பெற்ற பத்தி இருக்கிறது. சட்டக் கல்லூரிப் பையன்கள் மனப்பாடமாகச் சொல்வார்கள். ராயப்பா ஜெயித்தாரா? இல்லை. கெட்ட எண்ணத்தை நிரூபிக்கிற பாரம் மிகப் பெரியது, இவர் காட்டிய ஆதாரம் போதாது என்று தள்ளிவிட்டார்கள். ஒரு மாநிலத்தின் தலைமைச் செயலாளரால், கையில் அத்தனை ஃபைலும் புழங்கினவரால் நிரூபிக்க முடியாததை, சப் போஸ்ட் மாஸ்டர் எப்படி நிரூபிப்பார்? ஹரியானாவின் அசோக் கெம்காவை அவருடைய சர்வீஸில் 57 தடவை மாற்றினார்கள் என்று 2025 ஏப்ரலில் அவர் ஓய்வு பெற்றபோது பத்திரிகைகள் எழுதின. ஒவ்வொரு உத்தரவும் தனியாகப் பார்த்தால் சட்டப்படி சுத்தம்தான்.

இந்த இடத்தில் வழக்கமாக ஒரு குரல் வரும். "இவங்க எல்லாம் வேலையே செய்யறதில்லை சார், கோர்ட் இவங்களைத் தூக்கி வெச்சு ஆடணுமா?" பெங்களூரிலும் புனேயிலும் கம்பெனி வேலையில் இருக்கிற நம்மவர்கள் இதைச் சொல்லும்போது முகத்தில் ஒரு மலர்ச்சி தெரியும். 2003 ஜூலையிலும் இந்த மலர்ச்சியைப் பார்த்தேன்.

மறந்தவர்களுக்காகச் சொல்கிறேன். ஓய்வூதியப் பலன்களிலும் சலுகைகளிலும் கை வைத்ததற்காகத் தமிழ்நாட்டு அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் 2003 ஜூலை 2ஆம் தேதி ஸ்டிரைக்கில் இறங்கினார்கள். இரண்டே நாளில், ஜூலை 4ஆம் தேதி, விசாரணை இல்லாமலே நீக்கலாம் என்று எஸ்மா சட்டத்தில் அவசரத் திருத்தம் வந்தது. சுமார் 1,70,000 பேர் வீட்டுக்கு அனுப்பப்பட்டார்கள். நோட்டீஸ் இல்லை, விளக்கம் கேட்கவில்லை. முறை முறை என்று உயிரை விடுகிறதே கோர்ட், அந்த முறையே இங்கே இல்லை! இதை விடத் தெளிவான வழக்கு ஒன்றைச் சட்டப் புத்தகம் எழுதுகிறவர்கள் கற்பனையாகக் கூட அமைத்திருக்க முடியாது.

ஹைகோர்ட்டில் என்ன நடந்தது? நிர்வாகத் தீர்ப்பாயம் இருக்கும்போது நேராக இங்கே ஏன் வந்தீர்கள், அங்கே போங்கள் என்றார்கள். லட்சத்து எழுபதாயிரம் பேர், தனித்தனி மனு, ஒரே தீர்ப்பாயம். (அந்தத் தீர்ப்பாயமும் 2006இல் கலைக்கப்பட்டது, அது தனிக் கதை.) ரங்கராஜன் வழக்காக உச்ச நீதிமன்றம் போனது. இவ்வளவு பேரை அங்கே அனுப்பினால் தீர்ப்பாயத்தால் நியாயம் வழங்க முடியாது, இது அசாதாரண நிலைமை என்று உச்ச நீதிமன்றம் ஒத்துக்கொண்டது. சந்தோஷம். அப்புறம் அந்தத் திருத்தம் செல்லுமா, விசாரணை இல்லாத நீக்கம் செல்லுமா என்று சொன்னதா? அந்தப் பக்கம் போகவில்லை. கோர்ட் சொன்ன யோசனையை ஏற்று அரசாங்கம், நிபந்தனையற்ற மன்னிப்பும், இனி ஸ்டிரைக் செய்ய மாட்டேன் என்ற உறுதிமொழியும் எழுதிக் கொடுப்பவர்களைத் திரும்ப எடுத்துக்கொள்கிறோம் என்றது. மிச்சம் 6,072 பேர் விவகாரம் ஓய்வு பெற்ற மூன்று நீதிபதிகளிடம் போனது.

அதோடு நிறுத்தினார்களா? 2003 ஆகஸ்ட் 6ஆம் தேதித் தீர்ப்பில், அரசு ஊழியருக்கு ஸ்டிரைக் செய்ய அடிப்படை உரிமை இல்லை, சட்ட உரிமை இல்லை, தார்மீக நியாயமும் இல்லை என்று மூன்று தலைப்புப் போட்டு எழுதினார்கள். முதல் தலைப்பு 1962இலிருந்து இருக்கிற சட்டம்தான், சண்டை போட மாட்டேன். மூன்றாவது தலைப்பு எதற்கு? நிர்வாகத்தின் முடிவு சரியா என்று பார்க்க மாட்டோம், எங்கள் எல்லை குறுகியது என்று கை கட்டி நிற்கிற கோர்ட்டுக்கு, ஊழியரின் தார்மீகத்தைப் பற்றித் தீர்ப்புச் சொல்ல எந்த எல்லை இடம் கொடுத்தது?

என் கோபம் மொத்தமும் இந்த ஒரு இடத்தில்தான். கோர்ட்டுக்கு எல்லை வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. 2001இல் பால்கோ கம்பெனியின் 51 சதவீதப் பங்கை 551.5 கோடிக்கு ஸ்டெர்லைட்டுக்கு விற்றதை எதிர்த்துக் கோர்பா தொழிலாளர்கள் 67 நாள் ஸ்டிரைக் செய்து பார்த்தார்கள், கோர்ட்டுக்கும் போனார்கள். பொருளாதாரக் கொள்கை எங்கள் வேலை கிடையாது என்று தள்ளினார்கள். எனக்குக் கசந்தாலும் அதில் ஒரு நேர்மை இருக்கிறது. விற்கலாமா என்று முடிவு செய்ய வேண்டியது பார்லிமெண்ட்தான். ஆனால் கொள்கை முடிவு ஒன்று, ஒரு தனி மனுஷன் சோற்றில் மண் போடுகிற உத்தரவு வேறொன்று. ஒரே அளவுகோலை இரண்டுக்கும் வைத்துவிட்டு, ஊழியர் தப்பு செய்தால் மட்டும் அளவுகோலைத் தூக்கிப் போட்டுவிட்டு உபதேசம் செய்வதை எப்படி அடக்கம் என்று சொல்வது?

இந்தச் சாய்வு புதுசும் இல்லை. அரசியல் சட்டத்தின் 310ஆவது பிரிவின்படி ஜனாதிபதியின், கவர்னரின் விருப்பம் உள்ள வரை தான் அரசு ஊழியர் பதவியில் இருப்பார். வெள்ளைக்கார ராணி காலத்துச் சரக்கு. அதற்குக் கடிவாளமாக 311இல் விசாரணை இல்லாமல் நீக்கக் கூடாது என்று வைத்தார்கள், கூடவே மூன்று விதிவிலக்கும் வைத்தார்கள். விசாரணை நடத்துவது சாத்தியம் இல்லை என்று அதிகாரி காரணத்தை எழுதி வைத்தால் போதும் என்பது அதில் ஒன்று. 1985இல் துளசிராம் படேல் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, நாலுக்கு ஒன்று என்ற கணக்கில், அந்த விதிவிலக்கை அகலத் திறந்துவிட்டது. ரயில்வே லோகோ ஊழியர்கள், பொகாரோவில் தொழில் பாதுகாப்புப் படை வீரர்கள் என்று கூட்டம் கூட்டமாக நீக்கப்பட்டவர்கள் அதில் இருந்தார்கள். எழுதி வைத்த அந்தக் காரணத்தை ஊழியரிடம் காட்ட வேண்டிய கட்டாயம் கூட இல்லை என்றார்கள். காரணம் தெரிந்தால்தானே கெட்ட எண்ணத்தை நிரூபிக்க? ராயப்பா கதையை இங்கே ஒட்டிப் பார்த்துக்கொள்ளுங்கள்.

தமிழ்நாட்டு ஊழியர்கள் கதை எப்படி முடிந்தது என்றும் சொல்லிவிடுகிறேன். 2004 மே மாதம் மக்களவைத் தேர்தலில் ஆளும் கூட்டணி 39 தொகுதியிலும் தோற்றது. அதே மாதம் ஸ்டிரைக் நடவடிக்கைகளை அரசு வாபஸ் வாங்கியது. லட்சத்து எழுபதாயிரம் பேர் இருந்ததால் ஓட்டுப் பெட்டி பேசியது. ஷில்லாங் தோட்டக்காரருக்கு ஒரே ஒரு ஓட்டு. அவர் மாதிரி தனி ஆளுக்காகத்தானே கோர்ட்டை வைத்தது?

முடியாது முடியாது என்கிறார்களே, மனசு வைத்தால் முடிகிறது என்பதற்கும் சாட்சி இருக்கிறது. 2006இல் கர்நாடக தினக்கூலி ஊழியர்களின் உமாதேவி வழக்கில், பின்வாசல் வழியாக வந்தவர்களை நிரந்தரமாக்கச் சொல்லிக் கோர்ட்டுகள் உத்தரவு போடக் கூடாது என்று ஐந்து நீதிபதிகள் கதவைச் சாத்தினார்கள். பத்து வருஷத்துக்கு மேல் அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில் இருந்தவர்களுக்கு ஒரு தடவை மட்டும் விலக்கு. அந்த விலக்கை எல்லா அரசாங்கமும் சௌகரியமாக மறந்துவிட்டு, சாத்தின கதவை மட்டும் பதினெட்டு வருஷம் காட்டிக்கொண்டிருந்தன. 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கு. மத்திய நீர் ஆணையத்தில் வருஷக்கணக்காகப் பெருக்கித் துடைத்தவர்கள், தோட்ட வேலை பார்த்தவர். 2018இல் ஒரே நாளில் வெளியே போ என்றார்கள், அதே வேலையை ஏஜென்சிக்குக் கொடுத்தார்கள். தீர்ப்பாயமும் ஹைகோர்ட்டும் கை விரித்தன. உச்ச நீதிமன்றம் அவர்களை நிரந்தரமாக்கச் சொன்னது, உமாதேவியை ஆயுதமாகத் திரித்துப் பயன்படுத்துகிறீர்கள் என்று அரசாங்கத்தைக் கடிந்துகொண்டது. அதே அரசியல் சட்டம்தான், அதே அதிகாரம்தான். எல்லை எங்கே நகர்ந்தது, யார் நகர்த்தியது?

"எல்லாரையும் கோர்ட் காப்பாற்றினால் ஊழல் பெருச்சாளிகளும் தப்பிப்பார்களே" என்று நியாயமாகக் கேட்கிறவர்களுக்கு என் பதில். பெருச்சாளி இப்போதே தப்பிக்கிறது. நோட்டீஸில் தேதி தப்பு, கையெழுத்துப் போட்டவருக்கு அதிகாரம் இல்லை என்று முறை ஓட்டையைத் தேடிப் பிடிக்க அவரிடம் சீனியர் வக்கீல் இருக்கிறார். முறையை மட்டும் பார்க்கிற கோர்ட்டில், உண்மையில் தப்பு செய்து நல்ல வக்கீல் வைத்தவனுக்கு வழி இருக்கிறது. தப்பே செய்யாதவன், ஆனால் எல்லா நோட்டீஸும் ஒழுங்காக வந்துவிட்டது என்றால், அவனுக்கு வழி இல்லை.

பெரிய புரட்சி எதுவும் கேட்கவில்லை. வேலை நீக்கம், கட்டாய ஓய்வு மாதிரி பிழைப்பையே பறிக்கிற உத்தரவுகளுக்கு மட்டுமாவது, தப்பின் அளவுக்குத் தண்டனை பொருந்துகிறதா என்று முழுசாகப் பார்க்கிற அதிகாரம் தீர்ப்பாயத்துக்கு வேண்டும். லேத் ஓட்டுகிறவருக்கு 1971இல் கொடுத்ததைக் குமாஸ்தாவுக்குக் கொடுக்க ஒரு வரிச் சட்டத் திருத்தம் போதும். வெட்னஸ்பரி பிறந்த இங்கிலாந்திலேயே, மனித உரிமை சம்பந்தப்பட்ட வழக்குகளில் பொருத்தப்பாட்டைத்தான் பார்க்க வேண்டும் என்று 2001இல் சொல்லிவிட்டார்கள். நம் உச்ச நீதிமன்றமும் ஓம் குமார் வழக்கில் அந்தத் தத்துவத்தைப் பக்கம் பக்கமாக விளக்கிவிட்டு, இலாகா தண்டனைக்கு மட்டும் பழைய சினிமா கொட்டகை அளவுகோலே போதும் என்று முடித்தது. மாற்றல் வழிகாட்டுதலை மீறினால் காரணத்தை எழுதி அந்த ஊழியர் கையில் கொடுக்க வேண்டும் என்று விதி செய்ய எந்தப் பணச் செலவும் இல்லை. தோற்ற வழக்கில் மூன்றாவது தடவை அப்பீல் போகச் சொல்லி ஃபைலில் கையெழுத்துப் போடுகிற அதிகாரியின் பெயர் உத்தரவில் வர வேண்டும் என்று வைத்தால், 5 பைசாவுக்காக நாற்பது வருஷம் வழக்கு நடத்த யாருக்கும் கை வராது.

அது வரைக்கும் "கோர்ட்டுல பாத்துக்கலாம்" என்று தைரியம் சொல்கிற மாமாக்களுக்கு ஒரு வேண்டுகோள். மெமோ வந்த அன்றைக்கே சொல்லுங்கள், ஒவ்வொரு கடிதத்துக்கும் தேதி போட்டு ஒப்புகை வாங்கச் சொல்லுங்கள். விசாரணையில் எந்தக் காகிதத்தைக் கேட்டார், எதைக் கொடுக்க மறுத்தார்கள் என்று எழுத்தில் பதியச் சொல்லுங்கள், யாரைக் குறுக்கு விசாரணை செய்ய விடவில்லை என்பதையும் அன்றன்றைக்கே ரெக்கார்டில் ஏற்றச் சொல்லுங்கள். கோர்ட் பார்க்கப் போவது அந்தக் காகிதக் கட்டைத்தான். அதில் இல்லாத எதையும், அது எவ்வளவு உண்மையாக இருந்தாலும், அங்கே யாரும் கேட்கப் போவதில்லை.